சான்றிதழ் வாங்கியாச்சு, அப்புறம்? சைகை மொழி இன்டர்ப்ரெட்டர்களுக்கான தொடர் பயிற்சி வழிகாட்டி

அறுவை சிகிச்சைக்கு முந்தைய நாள். கட்டிலில் உட்கார்ந்திருந்தவர் காது கேளாத பெண். மயக்க மருந்து டாக்டர் கேட்டார்: "ஏதாவது மருந்து ஒத்துக்காம போனது உண்டா, இல்லையாம்மா?" நான் சைகையில் கேட்டேன். அவர் தலையை ஆட்டினார். "இல்லை டாக்டர்" என்றேன். கேஸ் ஷீட்டில் "அலர்ஜி இல்லை" என்று எழுதியாகிவிட்டது. கொஞ்ச நேரத்தில் டீ வாங்கப் போயிருந்த அவருடைய அக்கா திரும்பி வந்து, பையிலிருந்து ஒரு பழைய சீட்டை எடுத்து நீட்டினார். பென்சிலின் ஊசி போட்டு முகமெல்லாம் வீங்கிய கதை அதில் இருந்தது.

நடந்தது இதுதான். "உண்டா இல்லையா" என்ற தமிழ் வரிசையிலேயே நான் சைகை செய்து, "இல்லை"யில் கொண்டுபோய் முடித்திருந்தேன். ஆமாம்-இல்லை கேள்வி என்றால் புருவம் உயர வேண்டும், தலை கொஞ்சம் முன்னால் வர வேண்டும். இந்திய சைகை மொழியில் கேள்விக்குறி அங்கேதான் இருக்கிறது. என் புருவம் அசையவில்லை. அவர் கண்ணுக்குத் தெரிந்தது "உங்களுக்கு அலர்ஜி எதுவும் இல்லை" என்ற தகவல். "சரி, பார்த்துக்கொண்டிருக்கிறேன்" என்று தலையாட்டினார்.

அப்போது என்னிடம் டிப்ளமோ இருந்தது, பதிவு எண் இருந்தது, தேவைக்கு மேலேயே பயிற்சிப் புள்ளிகள் இருந்தன. அத்தனை நாள் பயிற்சியில் ஒருவர்கூட என் புருவத்தைப் பார்த்து ஒரு வார்த்தை சொன்னதில்லை. இந்த வழிகாட்டி அதற்குப் பிறகு நான் எனக்காக அமைத்துக்கொண்ட முறை. தமிழ்நாட்டில் இந்திய சைகை மொழியில் வேலை செய்பவர்களை மனதில் வைத்து எழுதியிருக்கிறேன். வாய்மொழி இன்டர்ப்ரெட்டர்களுக்கும் ஒரு பகுதி உண்டு. மொழிபெயர்ப்பாளர் என்று எழுதினால் நாவல் மொழிபெயர்ப்பவர் நினைவுக்கு வருகிறார், துபாஷி என்றால் ஆனந்தரங்கப் பிள்ளை வந்து நிற்கிறார். தொழிலில் எல்லோரும் சொல்வதுபோல இன்டர்ப்ரெட்டர் என்றே வைத்துக்கொள்கிறேன்.

முதலில் காகிதங்கள்

இதைச் சீக்கிரம் முடித்துவிடலாம். இந்திய சைகை மொழி இன்டர்ப்ரெட்டர் டிப்ளமோ இரண்டு வருடப் படிப்பு. முடித்தவர்கள் இந்திய மறுவாழ்வு கவுன்சிலில், அதாவது ஆர்.சி.ஐ.யில், பதிவு செய்துகொள்கிறார்கள். பதிவு 5 வருடத்துக்கு. புதுப்பிக்க அந்த 5 வருடத்தில் 100 சி.ஆர்.இ. புள்ளிகள், அதாவது தொடர் மறுவாழ்வுக் கல்விப் புள்ளிகள், சேர்க்க வேண்டும். வருடத்துக்கு 20 என்று வைத்துக்கொண்டால் கடைசி வருடத்தில் ஊர் ஊராக ஓட வேண்டியிருக்காது.

கவனிக்க வேண்டியவை இரண்டே. நிகழ்ச்சிக்கு ஆர்.சி.ஐ. முன் அனுமதி இருக்கிறதா, அனுமதிக் கடிதத்தில் எத்தனை புள்ளி போட்டிருக்கிறது என்று பணம் கட்டும் முன் கேளுங்கள். சான்றிதழ் கிடைத்த அன்றே ஸ்கேன் செய்து, உங்கள் பதிவு எண் அதில் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். ஒரு இலக்கம் மாறிப்போய், ஏற்பாடு செய்தவர்களை இரண்டு வருடம் கழித்துத் தேடி அலைந்தவர்களை எனக்குத் தெரியும். விதிகளும் அவ்வப்போது மாறுகின்றன. வாட்ஸ்அப்பில் வரும் படத்தை நம்பாமல் ஆர்.சி.ஐ. தளத்தில் உள்ள அறிவிப்பைப் படியுங்கள்.

மற்ற நாடுகளிலும் இப்படித்தான். அமெரிக்காவில் ஆர்.ஐ.டி. என்ற சைகை மொழி இன்டர்ப்ரெட்டர் பதிவகம் 1964லிருந்து இருக்கிறது. அங்கே சான்றிதழைத் தக்கவைக்க 4 வருடத்தில் 8 அலகு வேண்டும், அதாவது 80 மணி நேரம். அதில் 60 மணி நேரம் தொழில் சார்ந்தது, 20 மணி நேரம் பொது அறிவுக்கு. இந்தப் பிரிவினை எனக்குப் பிடித்திருக்கிறது. பங்குச் சந்தை என்றால் என்ன என்று தெரியாதவர் பங்குச் சந்தை பற்றிய பேச்சை எந்த மொழியிலும் மாற்ற முடியாது. நம் ஊரில் யாரும் கேட்காவிட்டாலும் நான்கில் ஒரு பங்கு நேரத்தை உலக விஷயங்களுக்கு ஒதுக்குங்கள்.

உங்களை நீங்களே படம் பிடியுங்கள்

இதுதான் மொத்த முறையின் அச்சாணி. மாதம் ஒரு தடவை, 10 நிமிடம். போனை மார்பளவு உயரத்தில் நிறுத்துங்கள். தலைக்கு மேல் ஒரு சாண், இடுப்புக்குக் கீழே கொஞ்சம், இரண்டு முழங்கையும் விரித்தால் படத்துக்குள் வர வேண்டும். கோடு போட்ட சட்டை வேண்டாம், கை தெளிவாகத் தெரிகிற நிறம் போதும். ஜன்னல் உங்களுக்கு எதிரே இருக்கட்டும். முதுகுக்குப் பின்னால் இருந்தால் முகம் கருத்துவிடும், முகம் தெரியாவிட்டால் பாதி இலக்கணம் போச்சு.

முதல் 5 நிமிடம் தமிழிலிருந்து சைகைக்கு. முன்பே கேட்டிராத பேச்சாக இருக்க வேண்டும். டிடி தமிழ் செய்தி நல்ல பயிற்சி, ஆனால் எழுதி வாசிக்கிற தமிழ் என்பதால் வேகம் சீராக இருக்கும். மாதம் மாற்றி மாதம் ஒரு டாக்டர் பேட்டியோ பட்டிமன்றமோ எடுங்கள். மனிதர்கள் பாதியில் நிறுத்தி, திருத்தி, தாவிப் பேசுவது அங்கேதான் கிடைக்கும்.

அடுத்த 5 நிமிடம் சைகையிலிருந்து பேச்சுக்கு. நம்மில் பெரும்பாலோர் ஏமாற்றுவது இந்த இடத்தில்தான். கையை ஆட்டிப் பழகுகிறோம், வாய்விட்டுப் பேசிப் பழகுவதில்லை. காது கேளாத ஒருவர் நேர்முகத் தேர்வில் உட்கார்ந்திருக்கிறார் என்றால், அவருக்கு வேலை கிடைப்பதும் கிடைக்காததும் உங்கள் தமிழில் இருக்கிறது. நீங்கள் "அதாவது... வந்து... அவங்க என்ன சொல்றாங்கன்னா" என்று இழுத்தால், திக்கித் திணறுபவர் அவர் என்றுதான் எதிரே இருப்பவர் நினைப்பார். இதற்குப் பயிற்சிப் பொருள் தேட வேண்டியதே இல்லை. மத்திய அரசின் கல்வித் தொலைக்காட்சியான பி.எம். இ-வித்யாவின் 31ஆவது சேனல் 2024 டிசம்பரிலிருந்து சைகை மொழிக்கென்றே ஓடுகிறது. டெல்லியில் உள்ள இந்திய சைகை மொழி ஆராய்ச்சி, பயிற்சி மையத்தின் யூடியூபில் நிறைய வீடியோ இருக்கிறது. சத்தத்தை அணைத்துவிட்டு நீங்கள் குரல் கொடுங்கள். முடிந்ததும் சத்தத்தோடு ஒரு தடவை போட்டுப் பாருங்கள்.

நோயாளி, சாட்சி, மாணவர் யாரையும் உண்மையான வேலையின்போது பதிவு செய்யக் கூடாது. பயிற்சிக்குப் பயிற்சிப் பொருள் மட்டும்தான்.

பிழை நோட்டு

பதிவை அன்றைக்கே பார்க்காதீர்கள். பேசியது மனதில் இருக்கும், விட்ட இடத்தை மனமே நிரப்பிவிடும். மூன்று நாள் கழித்து, முதலில் மூலப் பேச்சைக் கேட்காமல் உங்கள் சைகையை மட்டும் பாருங்கள். அதில் என்ன புரிகிறதோ அதுதான் டெஃப் நபருக்குக் கிடைத்தது. பிறகு மூலத்தைப் போட்டு ஒப்பிடுங்கள்.

குறிப்பு எழுத நான் நான்கு பெயர்கள் வைத்திருக்கிறேன்: விட்டது, சேர்த்தது, மாற்றியது, ஒட்டியது. கடைசியது, தமிழின் வரிசையோ சொல்லோ சைகையில் அப்படியே ஒட்டிக்கொண்டு வந்துவிடுவது. என் நோட்டிலிருந்து இரண்டு வரி:

"2.14 – 'சாப்பாட்டுக்கு அரை மணி முன்னாடி' – 'அரை மணி' விட்டது. காரணம்: முந்தைய வாக்கியத்தில் மருந்து பெயரை விரலால் எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்தேன்."

"3.40 – 'மாமா பணம் குடுத்தாரு' – பொதுவான மாமா சைகை. மாற்றியது. அம்மாவின் தம்பியா, மாமனாரா, பக்கத்து வீட்டு ஆளா? கேட்டிருக்க வேண்டும்."

"காரணம்" என்ற அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் நோட்டே. முதல் வரியில் பிழை 2.14இல் தெரிந்தாலும் அது பிறந்தது 2.08இல். எழுத்துக்கூட்டலில் கை திணறியபோது காது வேலையை நிறுத்திவிட்டது. கேட்பது, நினைவில் வைப்பது, வெளியே தருவது மூன்றுக்கும் ஒரே மூளையில் இருந்துதான் சக்தி போக வேண்டும். ஒன்று அதிகம் இழுத்தால் இன்னொன்று காலியாகும். ஆக எனக்குத் தேவைப்பட்ட பயிற்சி விரல் எழுத்துக்கூட்டல். நினைவாற்றல் பயிற்சிக்கு நான் கட்டியிருந்த பணம் வீண். நான்கு மாத நோட்டு சேர்ந்ததும் எந்தப் பெயர் அதிகம் வருகிறது என்று எண்ணிப் பாருங்கள். அடுத்து எந்தப் பயிற்சிக்குப் போக வேண்டும் என்பது அங்கேயே எழுதியிருக்கும்.

பார்த்துச் சொல்ல ஒருவர்

தன் புருவத்தைத் தானே பார்க்கிற கண் யாருக்கும் சீக்கிரம் வராது. காது கேளாத ஒருவர் உங்கள் பதிவைப் பார்க்க வேண்டும். சைகை மொழி சொல்லித்தரும் டெஃப் ஆசிரியராக இருந்தால் மிக நல்லது. சைகை மொழி கற்பிப்பதற்கென்றே காது கேளாதவர்களுக்குத் தனி டிப்ளமோ இருக்கிறது, அதை முடித்தவர்களைத் தேடுங்கள். சென்னையில் செயின்ட் லூயிஸ் கல்லூரி மாதிரி டெஃப் மாணவர்கள் பட்டம் படிக்கிற இடங்களின் பழைய மாணவர்கள் வழியாகவும் ஆள் கிடைக்கும்.

நண்பர்தானே என்று இலவசமாகக் கேட்காதீர்கள். ஒரு மணி நேரத்துக்கு நீங்கள் என்ன வாங்குகிறீர்களோ அதை அவருக்குக் கொடுங்கள். காசு கைமாறினால்தான் மனுஷர் உள்ளதைச் சொல்வார். இல்லாவிட்டால் "சூப்பர், நல்லா இருக்கு" என்று கட்டைவிரலை உயர்த்திவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார். "எப்படி இருக்கிறது?" என்றும் கேட்க வேண்டாம். வீடியோவை நிறுத்தி நிறுத்தி, "இங்கே உங்களுக்கு என்ன புரிந்தது, எனக்குத் திருப்பிச் சொல்லுங்கள்" என்று கேளுங்கள். என் புருவ விவகாரம் வெளிவந்தது அப்படித்தான். நான் கேள்வி கேட்டதாக நினைத்த 11 இடங்களில் 7 இடங்களை அவர் தகவல் என்று திருப்பிச் சொன்னார்.

பெற்றோர் டெஃப் என்பதால் பிறந்ததிலிருந்தே சைகை செய்யும் கோடா நண்பர்களே, உங்களுக்கும் இது உண்டு. உங்கள் சைகை எங்களைவிட ஆயிரம் மடங்கு இயல்பு. ஆனால் வீட்டுச் சைகை, உங்கள் ஊர்ச் சைகை அதில் கலந்திருக்கும். அம்மாவுக்காக வங்கியில் பேசியபோது சுருக்கிச் சொன்ன பழக்கமும் கூடவே வந்திருக்கும்.

இரண்டு மொழிக்கும் தீனி

சைகைச் சொற்கள் ஊருக்கு ஊர் மாறும். நிறங்கள், கிழமைகள், உறவுகள் மூன்றிலும் இது அதிகம். 1970களிலும் 80களிலும் ஆய்வாளர்கள் டெல்லி, கல்கத்தா, பம்பாய், பெங்களூர் சைகைகளை ஒப்பிட்டு அகராதிகள் போட்டார்கள், அந்த வரிசையில் சென்னை இல்லை. கோவை ராமகிருஷ்ண மிஷன் வித்யாலயா 2001இல் ஓர் அகராதி கொண்டுவந்தது. டெல்லி மையத்தின் அகராதி 2018இல் 3,000 சொற்களோடு தொடங்கி 2021இல் 10,000 ஆனது. அதே சொற்கள் சைன் லேர்ன் செயலியிலும் கிடைக்கின்றன. வாரம் 20 சொல் எடுத்து, டெஃப் கிளப்பிலோ சங்கக் கூட்டத்திலோ போய் "இதை நீங்கள் எப்படிச் செய்வீர்கள்?" என்று கேட்டு வாருங்கள். பாளையங்கோட்டையில் படித்தவரும் மயிலாப்பூரில் படித்தவரும் வேறு வேறு காட்டினால் இரண்டையும் எழுதிக்கொள்ளுங்கள். அகராதியில் இருப்பதுதான் சரி என்று அறுபது வயதுப் பெரியவரிடம் வாதம் செய்து மூக்குடைபட்ட அனுபவம் எனக்கு உண்டு.

தமிழை நாம் பயிற்சியாகவே நினைப்பதில்லை. தாய்மொழிதானே என்ற மிதப்பு. ஒரே ஒரு உதாரணம்: "வந்தாராம்." கடைசியில் ஒட்டியிருக்கும் "ஆம்" சின்ன ஒலி, ஆனால் "நான் பார்க்கவில்லை, சொல்லக் கேட்டேன்" என்ற முழு வாக்கியம் அதற்குள் இருக்கிறது. "வந்தார்" என்று சைகை செய்துவிட்டால், காதால் கேட்டவர் கண்ணால் பார்த்தவர் ஆகிவிடுகிறார். காவல் நிலையத்தில் அது என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். அதேபோல "பார்க்கலாம்" என்று ஒரு அதிகாரி சொன்னால், முக்கால்வாசி நேரம் அது இல்லை என்பதன் மரியாதை வடிவம். அதை "பார்க்கிறேன்" என்று கொடுத்தால் டெஃப் நபர் மறுவாரம் மனுவோடு வந்து நிற்பார். இந்த மாதிரிச் சொற்களுக்கென்று நோட்டில் நான்கு பக்கம் ஒதுக்கிவையுங்கள், தானாக நிரம்பும்.

வருடத்துக்கு ஒரு துறை

எல்லாத் துறையிலும் கொஞ்சம் கொஞ்சம் என்று போனால் எதிலும் நிற்க முடியாது. ஒரு வருடம் மருத்துவம், அடுத்த வருடம் சட்டம், அப்புறம் உயர்கல்வி என்று வையுங்கள்.

மருத்துவத்துக்குப் பாடப்புத்தகத்தைவிட வெளிநோயாளிப் பிரிவில் மக்கள் பேசுவதைக் கேட்டுப் பழகுவது பயன்படும். மயக்கமா இருக்கு, கிறுகிறுன்னு வருது, நெஞ்சு கரிக்குது, நெஞ்சை அடைக்குது, கை கால் குடையுது. இவை ஒவ்வொன்றும் டாக்டருக்கு வேறு வேறு நோய். கரிப்பதையும் அடைப்பதையும் உங்கள் சைகை ஒன்றாக்கிவிட்டால், செரிமான மாத்திரையோடு ஒருவரை வீட்டுக்கு அனுப்பி வைத்த பாவம் உங்களுக்கு. சொல்பவரைச் சுட்டிக்காட்டச் சொல்லுங்கள், எப்போது, என்ன செய்தால் கூடுகிறது என்று காட்டச் சொல்லுங்கள். சைகை மொழிக்கு இது பலவீனமே இல்லை. இடம், திசை, பரவுவது எல்லாவற்றையும் அது பேச்சைவிடத் துல்லியமாகச் சொல்லும்.

சட்டத்தில்தான் அதிக நாள் செலவழிக்கச் சொல்வேன். 2023 செப்டம்பரில் காது கேளாத வழக்கறிஞர் சாரா சன்னி இன்டர்ப்ரெட்டர் உதவியோடு உச்ச நீதிமன்றத்தில் வாதாடினார். இனி இந்த வேலை கூடத்தான் செய்யும். டிப்ளமோ படிப்பு மட்டும் இதற்குப் போதாது. முதலில் சட்டத்தில் உங்கள் இடம் எது என்று படியுங்கள். வாயால் பேச முடியாத சாட்சியின் வாக்குமூலத்தை இன்டர்ப்ரெட்டர் அல்லது சிறப்புக் கல்வியாளர் உதவியோடு பதிவு செய்ய வேண்டும், அதை வீடியோவும் எடுக்க வேண்டும் என்பது பழைய சாட்சியச் சட்டத்தின் 119ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல் அது பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 125. குழந்தைகள் வழக்கு என்றால் 2012 போக்சோ சட்டத்தின் 38ஆம் பிரிவு. 1969 சத்தியப் பிரமாணச் சட்டப்படி சாட்சி மட்டுமில்லை, இன்டர்ப்ரெட்டரும் உறுதிமொழி எடுக்கிறார். வீடியோ என்ற சொல்லைக் கவனியுங்கள். மருத்துவமனையில் நான் செய்த பிழை காற்றோடு போயிற்று. நீதிமன்றத்தில் அது மேல்முறையீடு வரைக்கும் கூடவே வரும்.

அப்புறம் பயிற்சி. வக்கீல் "அவர் உங்களை அடித்தாரா?" என்று கேட்கிறார். தமிழில் "அடி" பொதுச்சொல். சைகையில் அறைந்தால் அறை, குத்தினால் குத்து, கம்பால் அடித்தால் கை கம்பைப் பிடித்திருக்கும். எதைக் காட்டினாலும் கேள்வியில் இல்லாத ஒரு விவரத்தைச் சாட்சிக்கு நீங்களே எடுத்துக் கொடுத்ததாகிவிடும். "எங்கே தொட்டார்" என்பது இன்னும் ஆபத்து. தொடும் சைகையை உங்கள் உடம்பில் எங்கே வைத்தாலும் அது விடை. இங்கே சமாளிக்கக் கூடாது. "ஐயா, இந்தக் கேள்வியைச் சைகையில் பொதுவாகக் கேட்க முடியாது, 'என்ன செய்தார், காட்டுங்கள்' என்று கேட்கலாமா?" என்று நீதிபதியிடம் அனுமதி வாங்க வேண்டும். இந்த ஒரு வாக்கியத்தைத் தடங்கலில்லாமல், குரல் நடுங்காமல் சொல்ல நான் கண்ணாடி முன்னால் பயிற்சி எடுத்திருக்கிறேன். சிரிக்காதீர்கள், கறுப்பு அங்கிகளுக்கு நடுவில் நிற்கும்போது தெரியும். "நீங்க அப்போ அங்க இல்லைதானே?" மாதிரி எதிர்மறைக் கேள்விகளை 20 எழுதிவைத்து, "ஆமாம்" என்ற பதில் எதைக் குறிக்கும் என்று ஜோடியாக உட்கார்ந்து பழகுங்கள்.

பள்ளிக்கே போகாத, வீட்டுச் சைகை மட்டும் தெரிந்த சாட்சி வந்தால் தனியாக எடுக்காதீர்கள். காது கேளாத இன்டர்ப்ரெட்டர் ஒருவர் சாட்சியோடு பேச, அவரிடமிருந்து நீங்கள் வாங்கிக் குரல் கொடுக்கும் முறை உண்டு. வருடத்தில் ஒரு நாளாவது இப்படி இணைந்து வேலை செய்யப் பழகுங்கள்.

ஜோடி வேலை

இரண்டு இன்டர்ப்ரெட்டர்கள் சேர்ந்து போகும் வேலையில் 20 நிமிடத்துக்கு ஒரு முறை ஆள் மாறுவது சும்மா ஓய்வுக்கு இல்லை. களைத்த இன்டர்ப்ரெட்டருக்குத் தன் தரம் இறங்குவது தனக்கே தெரியாது, அதுதான் சிக்கல். மாறி உட்கார்ந்தவர் போனை எடுத்தால் ஜோடி என்பதற்கே அர்த்தமில்லை. எண்கள், பெயர்கள், விட்டுப்போன வார்த்தைகளை எடுத்துக் கொடுப்பதும் ஒரு திறமை. எப்படிக் கொடுப்பது என்று முன்பே பேசிவையுங்கள். எனக்கு ஒரு சைகை போதும், முழு வாக்கியமாகக் கொடுத்தால் குழம்பிவிடுவேன். சிலருக்கு நேர் எதிர்.

மணிக்கட்டும் தோளும் இந்தத் தொழிலின் மூலதனம். வலி வந்த பிறகு பிசியோதெரபிஸ்ட்டைத் தேடாமல், வலி வரும் முன் ஒரு தடவை போய் உங்கள் கை அசைவைக் காட்டுங்கள்.

முடிந்த பிறகு பேசுவது

ஒரு மரணச் செய்தியை நீங்கள்தான் கையால் சொல்லியிருப்பீர்கள். வீட்டுக்குப் போய் யாரிடமும் சொல்ல முடியாது, ரகசியம் காக்க வேண்டும். இதற்கு இரண்டு மூன்று பேர் கொண்ட சின்னக் குழு வைத்துக்கொள்ளுங்கள், மாதம் ஒரு தடவை. ஊர், பெயர், மருத்துவமனை, தேதி எதுவும் வரக்கூடாது. "என்ன நடந்தது" என்பதைவிட "எனக்கு என்ன அழுத்தம் இருந்தது, நான் என்ன முடிவெடுத்தேன், வேறு என்ன செய்திருக்கலாம்" என்ற வரிசையில் பேசினால் புறணியாக மாறாது. அழுத்தம் இடத்திலிருந்து வந்ததா (இருட்டு, இரைச்சல்), மனிதர்களிடமிருந்தா, மொழியின் வேகத்திலிருந்தா, நமக்குள்ளிருந்தே வந்ததா என்று பிரிக்கும் ஒரு முறையை அமெரிக்க இன்டர்ப்ரெட்டர்கள் பயன்படுத்துகிறார்கள். நான்காவதை ஒத்துக்கொள்ளத்தான் ஆறு மாதம் ஆகும். அன்றைக்கு அந்த மருத்துவமனையில் எனக்குப் பசி. அதுவும் ஒரு காரணம்.

வாய்மொழி இன்டர்ப்ரெட்டர்களுக்கு

பதிவு, பிழை நோட்டு, திருப்பிச் சொல்லச் சொல்வது எல்லாம் உங்களுக்கும் பொருந்தும். போனில் குரல் பதிவு போதும். தமிழ்நாட்டுக் கீழமை நீதிமன்றங்களில் நடவடிக்கை தமிழில், கூண்டில் நிற்பவர் ஒடிசாவிலிருந்தோ பீகாரிலிருந்தோ வந்த தொழிலாளி. ஹிந்தி தெரிந்த ஏதோ ஒருவரைக் கூப்பிட்டு நிறுத்தும் பழக்கம் இன்னும் இருக்கிறது. போஜ்புரியும் மைதிலியும் பேசுகிறவருக்கு உங்கள் தொலைக்காட்சி ஹிந்தி எவ்வளவு போய்ச் சேர்ந்தது என்று சோதிக்க, அவரையே திருப்பிச் சொல்லச் சொல்வதைத் தவிர வேறு வழி கிடையாது.

உங்களுக்கென்று தனியாக வேண்டிய பயிற்சி குறிப்பெடுப்பது. வார்த்தைகளை எழுதாதீர்கள், கருத்தை எழுதுங்கள். பக்கத்தில் மேலிருந்து கீழாக, படி இறங்குவதுபோலச் சாய்த்து: யார், என்ன, யாருக்கு. "ஆனால்", "அதனால்" மாதிரி இணைப்புகள் இடது ஓரத்தில். ஒரு கருத்து முடிந்ததும் குறுக்கே ஒரு கோடு. எண், தேதி, பெயர் மூன்றையும் நினைவை நம்பாமல் எழுதிவிடுங்கள். தமிழில் வினையும் மறுப்பும் கடைசியில் வருவதால், "அன்னைக்கு ராத்திரி அவன் வீட்டுக்கு நான் போய்க் கதவைத் தட்டி" வரைக்கும் கேட்டுவிட்டு அவசரப்பட்டால், "தட்டியிருக்கவே முடியாது" என்று முடியும்போது மாட்டிக்கொள்வீர்கள். வினைக்காகக் காத்திருக்கும் பொறுமையை வளர்க்க ஒரு பயிற்சி: வானொலிப் பேச்சை ஒரு வாக்கியம் பின்தங்கி அதே தமிழில் திருப்பிச் சொல்லுங்கள். முதல் நாள் நாக்கு குழறும், பத்தாம் நாள் பழகிவிடும்.

ஆஸ்திரேலியாவில் இருக்கும் தமிழர்கள், மொழிபெயர்ப்பாளர்களுக்கும் இன்டர்ப்ரெட்டர்களுக்கும் அங்கே தரப்படும் நாட்டி (NAATI) சான்றிதழை 3 வருடத்துக்கு ஒரு முறை புதுப்பிக்க வேண்டும். செய்த வேலைக்கும் எடுத்த பயிற்சிக்கும் ஆதாரம் கேட்பார்கள், முதல் நாளிலிருந்தே ஒரு கோப்பில் போட்டு வாருங்கள். ஈழத்துத் தமிழும் தமிழ்நாட்டுத் தமிழும் ஒரே வரிசையில் வந்து நிற்கிற இடம் அது. "கதைக்கிறது" எல்லோருக்கும் தெரியும், அதைத் தாண்டி மருந்து, வீடு, அரசு அலுவலகச் சொற்களை இரண்டு பக்கமும் சேகரியுங்கள்.

பணம் கட்டும் முன்

பயிற்சி அறிவிப்பு வந்தால் நான் பார்ப்பது மூன்று. பயிற்சி தருபவர்களில் டெஃப் ஒருவராவது இருக்கிறாரா? பங்கேற்பவர் கையை அசைக்கும் நேரம் எவ்வளவு, பவர்பாயின்ட் எவ்வளவு? குழுவில் எத்தனை பேர்? 80 பேர் உட்கார்ந்த அரங்கில் ஒருவரும் உங்கள் புருவத்தைப் பார்க்கப் போவதில்லை. புள்ளிக்காகப் போக வேண்டுமென்றால் போங்கள், தப்பில்லை, நானும் போவேன். ஆனால் அதைத் திறமைக் கணக்கில் எழுதாதீர்கள். சைகை மொழியில் 15 நாளில் நிபுணர் என்று விளம்பரம் வந்தால் அந்தப் பணத்தை டெஃப் ஆசிரியருக்குக் கொடுத்து 15 மணி நேரம் வாங்கிவிடலாம்.

ஒரு வருடக் கணக்கு

மாதம் ஒரு பதிவு, அதைப் பார்க்க ஒரு மாலை. இரண்டு மாதத்துக்கு ஒரு முறை டெஃப் ஆசிரியரோடு ஒரு மணி நேரம். மாதம் ஒரு குழுப் பேச்சு. துறைக்கு வருடத்தில் ஆறு ஞாயிற்றுக்கிழமை. சி.ஆர்.இ.க்கு மூன்று நான்கு நாள். வேலை அதிகமான மாதத்தில் பதிவு மட்டும் செய்துவிட்டு மற்றதை விட்டுவிடுவேன், பதிவை விடமாட்டேன்.

ஜனவரியில் ஒன்று மட்டும் மாறாமல் செய்கிறேன். அந்த மயக்க மருந்து டாக்டரின் கேள்வியை ஒரு தோழியைக் கேட்கச் சொல்லி, சைகையில் பதிவு செய்து, ஆசிரியருக்கு அனுப்புவேன். இந்த வருடம் அவர் திருப்பி அனுப்பிய வீடியோ ஒன்பது விநாடி. நோட்டில் எழுதிக்கொண்டது: "புருவம் சரி. 'இல்லை' இன்னும் அவசரம்."